பாறை மாறும் மலை: பிரின் தேசியப் பூங்காவுக்கு அழைத்துச் செல்லும் ஒரு நாகர்கோவில் பயணச் சேவை குறித்த மதிப்புரை

பல்கேரியாவின் தென்மேற்கில் உள்ள பிரின் மலைக்குக் கோடைக்காலத்தில் நடைப்பயணக் குழுக்களை அழைத்துச் செல்லும் சிறிய சேவை ஒன்று நாகர்கோவிலில் இயங்கி வருகிறது. இதே பயணத் திட்டத்தைச் சிற்சில மாற்றங்களுடன் வேறு சிலரும் விற்பதால், நிறுவனத்தின் பெயரை விட்டுவிட்டு, திட்டத்தை மட்டும் எடுத்துக்கொண்டு இங்கே மதிப்பிடுகிறேன். நான் மார்த்தாண்டத்துக்கு அருகில் ஒரு பள்ளியில் புவியியல் கற்பிக்கிறேன். ஆகவே உணவையும் படுக்கையையும்விட, அந்த மலையை எங்களுக்கு எப்படிக் காட்டினார்கள் என்பதைத்தான் அதிகம் கவனித்தேன். என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: நில அமைப்பைக் காண விரும்புவோர் இந்தப் பயணத்துக்குத் தயங்காமல் பணம் செலுத்தலாம், வனவிலங்குகளுக்காகவே போவோர், திட்டத்தில் சில மாற்றங்களைக் கேட்டு வாங்கிய பிறகுதான் பணம் செலுத்த வேண்டும்.

பிரின் எங்கே இருக்கிறது என்பதிலேயே, புறப்படுமுன் எங்களுக்குத் தரப்பட்ட கையேடு பெருங்குழப்பம் செய்திருந்தது. அதில் இருந்த வரைபடம், பல்கேரியாவின் நடுவே கிழக்கு மேற்காக நீளும் பால்கன் மலைத்தொடரையும் பிரினையும் ஒரே மலையாக வரைந்திருந்தது. இரண்டும் வெவ்வேறு மலைகள். பிரின், மேற்கே ஸ்த்ரூமா ஆற்றுக்கும் கிழக்கே மெஸ்தா ஆற்றுக்கும் இடையே நிற்கும் தனி மலை; இந்த இரண்டு ஆறுகளும் தெற்கே ஓடிக் கிரேக்கத்தைக் கடந்து ஏஜியன் கடலில் கலக்கின்றன. வடக்கே பிரேதெல் கணவாய் இதை ரிலா மலையிலிருந்து பிரிக்கிறது. கிழக்கே மெஸ்தாவுக்கு அப்பால் ரோடோப் மலைகள் தொடங்குகின்றன. இந்த மூன்று மலைகளும் சூழ்ந்த ரஸ்லொக் பள்ளத்தாக்கில்தான், பயணத்தின் தங்குமிடமான பன்ஸ்கோ நகரம் ஏறத்தாழ 930 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. பிரினின் உச்சியான விஹ்ரென்தான் பால்கன் தீபகற்பத்திலேயே உயரமானது என்றும் கையேடு சொல்கிறது. அதுவும் சரியன்று. ரிலாவின் முசாலா 2,925 மீட்டர், கிரேக்கத்து ஒலிம்பஸ் மலையின் மிட்டிகாஸ் உச்சி 2,917 மீட்டர், விஹ்ரென் 2,914 மீட்டர் என்பதே வரிசை. மூன்றாம் இடத்தில் இருப்பதால் விஹ்ரெனின் பெருமை குறைந்துவிடப் போவதில்லை. பிள்ளைகள் கையில் எடுத்துப் படிக்கக்கூடிய ஒரு தாளில் இத்தகைய பிழைகள் இருக்கலாகாது என்பதற்காகவே இதைக் குறிப்பிடுகிறேன்.

கையேட்டின் குறையை மலை வழிகாட்டி தீர்த்து வைத்தார். அவர் பன்ஸ்கோவைச் சேர்ந்தவர். அவர் ஆங்கிலத்தில் சொன்னதை நாகர்கோவிலிலிருந்து எங்களுடன் வந்த ஒருங்கிணைப்பாளர் தம்பி தமிழில் எடுத்துச் சொன்னார். முதல் நாள் காலை, நடக்கத் தொடங்குவதற்கு முன்பே, வழிகாட்டி தன் பையிலிருந்து இரண்டு கல் துண்டுகளை எடுத்து எங்கள் கையில் தந்தார். ஒன்று சாம்பல் நிறக் கிரானைட், மற்றொன்று வெண்பளிங்கு. இரண்டின் மேலும் ஒரு சொட்டு நீர்த்த அமிலத்தை விட்டபோது கிரானைட் அசையாமல் இருந்தது, பளிங்கு நுரைத்தது. "இந்த வாரம் முழுவதும் நீங்கள் பார்க்கப் போவது இந்த ஒரு வேறுபாட்டைத்தான்" என்றார். வகுப்பறையில் இத்தனை ஆண்டுகள் நின்ற எனக்கு, ஒரு பாடத்தை இதைவிட நன்றாகத் தொடங்க முடியாது என்று தோன்றியது.

பிரினின் வடபகுதியில் உள்ள விஹ்ரென், குத்தேலோ, பன்ஸ்கி சுகோதோல் ஆகிய பெரிய உச்சிகள் பளிங்கினால் ஆனவை. அவற்றுக்குத் தெற்கிலும் கிழக்கிலும் உள்ள பெரும்பகுதி கிரானைட். பாண்டெரிட்சா பள்ளத்தாக்கில் 1,950 மீட்டர் உயரத்தில் இருக்கும் விஹ்ரென் மலைவிடுதியின் முற்றத்தில் நின்று பார்த்தால், ஒரு பக்கம் விஹ்ரென் வெளுத்து நிற்கிறது. எதிர்ப்பக்கம் 2,746 மீட்டர் உயரமுள்ள தோதோர்க்கா சாம்பல் பூத்து நிற்கிறது. நம் மாவட்டத்து மலைகளில் சார்னோகைட், நைஸ் என்னும் இருவகைப் பாறைகள் அடுத்தடுத்து வந்தாலும், காடு மூடியிருப்பதால் அந்த எல்லை கண்ணுக்குத் தெரிவதில்லை. பாறை வெட்டும் குவாரிக்குப் போனால்தான் தெரியும். இங்கே மரங்களின் எல்லை ஏறக்குறைய 2,000 மீட்டரில் முடிந்துவிடுவதால், மேலே உள்ள பாறை முழுவதும் திறந்து கிடக்கிறது.

இந்தச் சேவை திட்டமிட்டதில் மிகச் சிறந்தது, முதல் இரண்டு நடைகளையும் அடுத்தடுத்த நாட்களில் வைத்ததுதான். முதல் நடை விஹ்ரென் விடுதியிலிருந்து தெற்கே பாண்டெரிட்சா ஏரிகளுக்குச் செல்கிறது. பாதை படிப்படியாக ஏற ஏற, ஒக்கோத்தோ, ரிப்னோத்தோ, தெல்கோத்தோ என ஏரிகள் ஒன்றன்மேல் ஒன்றாக வருகின்றன. ஒவ்வோர் ஏரியும், பனியுகத்தில் பனியாறு தோண்டிவிட்டுப் போன குழியில் தேங்கியது. ஒன்பதாம் வகுப்புப் பாடத்தில் சர்க்கு என்றும் மொரைன் என்றும் நாம் கரும்பலகையில் வரைந்து காட்டுவது எல்லாம் அங்கே காலடியில் கிடந்தது. மூன்று பக்கம் சுவராக எழுந்த பாறை, நான்காம் பக்கத்தில் பனியாறு தள்ளிக் கொண்டுவந்து குவித்த கற்குவியல், நடுவே அடி தெரியும் தெளிந்த நீர். கிரானைட் தண்ணீரை உள்ளே விடாது. ஆதலால் குழி ஏரியாயிற்று. பூங்காவில் நிலையான பனியாற்று ஏரிகள் மட்டும் நூற்றுக்கு மேல் உள்ளன. ஏறத்தாழ எல்லாமே கிரானைட் பகுதியில்தான் இருக்கின்றன.

மறுநாள் நடை, அதே பள்ளத்தாக்கிலிருந்து விஹ்ரெனின் வடக்குச் சுவருக்குக் கீழே உள்ள கசான் குழிகளுக்குச் செல்கிறது. அவையும் பனியாறு தோண்டிய சர்க்குகளே. வடிவமும் அளவும் முந்தைய நாள் பார்த்தவற்றுக்குக் குறைந்தவை அல்ல. ஆனால் அங்கே ஒரு சொட்டுத் தண்ணீர்கூட இல்லை. வெள்ளைச் சரளைக் கற்களும் புல் திட்டுகளும் மட்டும் கிடந்தன. எங்களுடன் வந்த குலசேகரம் அண்ணாச்சி ரப்பர் தோட்டம் வைத்திருப்பவர், மழையையும் ஓடையையும் வாழ்நாள் முழுவதும் பார்த்தவர். அவர் சுற்றிலும் பார்த்துவிட்டு என்னிடம், "டீச்சர், நேத்து பாத்த குழியில எல்லாம் தண்ணி நிறஞ்சு கெடந்துச்சு. இங்க பெஞ்ச மழ எல்லாம் எங்க போச்சு?" என்று கேட்டார். அந்தப் பயணத்தில் யாரும் கேட்ட கேள்விகளில் மிகச் சிறந்தது அதுதான். பளிங்கு என்பது உருமாறிய சுண்ணாம்புக் கல். மழைநீர் காற்றிலும் மண்ணிலும் உள்ள கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு மெல்லிய அமிலமாகிறது. அந்த அமிலம் பளிங்கின் வெடிப்புகளைக் கரைத்துக் கரைத்து அகலமாக்குகிறது. நீர் அவற்றின் வழியே மலைக்குள் இறங்கி, அடிவாரத்தில் ஊற்றாகப் பொங்குகிறது. ரஸ்லொக் நகருக்கு அருகில் உள்ள யாசோ ஊற்று அப்படி வெளிவருவதுதான். முந்தைய நாள் கையில் வைத்து நுரைக்கப் பார்த்த அதே வேதிவினையைத்தான் அந்த மலை பல்லாயிரம் ஆண்டுகளாகச் செய்துகொண்டிருக்கிறது என்று வழிகாட்டி விளக்கியபோது, அண்ணாச்சி மறுபடியும் அந்தக் குழியைச் சுற்றி வந்து பார்த்தார். ஒரே பனி, ஒரே வடிவம், இரண்டு பாறைகள், இரண்டு முடிவுகள்: இதை இவ்வளவு தெளிவாக அடுத்தடுத்த இரண்டு நாட்களில் கண்ணால் காட்டும் வேறொரு பயணத்தை நான் அறியேன்.

பெரிய கசானில், விஹ்ரெனின் நிழல் விழும் இடத்தில், ஸ்னெஜ்னிக்கா என்ற சிறு பனித்திட்டு கோடையிலும் கரையாமல் இருக்கிறது. ஐரோப்பாவின் மிகத் தெற்கில் எஞ்சியிருக்கும் பனியாற்றுத் துண்டுகளில் அதுவும் ஒன்று. மேலிருந்து சரிந்து விழும் பனி குவிவதாலும், சுவரின் நிழல் வெயிலைத் தடுப்பதாலும், சுற்றியுள்ள வெண்பளிங்கு வெப்பத்தைத் திருப்பி அனுப்புவதாலும் அது பிழைத்திருக்கிறது. பார்ப்பதற்கு அழுக்குப் படிந்த ஒரு வெள்ளைத் திட்டு மட்டுமே. படங்களில் காணும் பனியாறுகளை எதிர்பார்த்து வருவோருக்கு ஏமாற்றமாக இருக்கலாம். எனக்கோ அது பனியுகத்திலிருந்து வந்து சேர்ந்த கடிதம் என்றே பட்டது.

பாறை மாறினால் மரமும் மாறும் என்பதை வழிகாட்டி நன்றாகக் காட்டினார். பிரினில் பால்கன் மலைகளில் வளரும் இரண்டு வகைப் பைன் மரங்கள் உள்ளன. பளிங்கின் மேல் பெரும்பாலும் வளர்வது, அங்குள்ளோர் செர்னா மூரா என்று அழைக்கும் மரம். அதன் ஊசியிலைகள் இரண்டிரண்டாகச் சேர்ந்திருக்கும், இளங்காய்கள் கருநீலமாக இருக்கும், முதிர்ந்த பட்டை செதில் செதிலாகப் பிளந்திருக்கும். கிரானைட்டின் மேல் பெரும்பாலும் வளர்வது பியாலா மூரா. அதற்கு ஊசியிலைகள் ஐந்தைந்தாக இருக்கும். கண்ணை மூடிக்கொண்டு ஓர் ஊசிக் கொத்தைத் தடவி எண்ணினாலே காலடியில் உள்ள பாறையை ஏறக்குறைய ஊகித்துவிடலாம் என்று அவர் சொன்னதும், குழுவில் எல்லோரும் ஒவ்வொரு மரத்திலும் எண்ணத் தொடங்கினோம். பாண்டெரிட்சா விடுதிக்கு அருகில், 1,930 மீட்டர் உயரத்தில், பாய்குஷேவ் பைன் என்னும் முதுமரம் நிற்கிறது. அது செர்னா மூரா வகை. 1897-இல் வனத்துறையாளர் கோஸ்தா பாய்குஷேவ் அதைக் கண்டு குறித்தார். அதன் வயது 1,300 ஆண்டுகளுக்கு மேல் என்று மதிப்பிடப்படுகிறது. அடிமரத்தின் விட்டம் இரண்டு மீட்டருக்கு மேல். அதைச் சுற்றி வேலியிட்டிருக்கிறார்கள். வேலிக்கு வெளியே நின்று பார்க்க அரைமணி நேரம் ஒதுக்கியிருந்தார்கள். அது போதுமானதே.

பூங்காவின் வரலாற்றையும் சேவையினர் ஒரு மாலைப் பொழுதில் சொன்னார்கள். 1962-இல் விஹ்ரென் என்ற பெயரில் சிறிய பரப்பில் தொடங்கி, 1974-இல் பிரின் தேசியப் பூங்கா என்று பெயர் மாறியது. 1983-இல் யுனெஸ்கோ உலக மரபுச் சின்னமாயிற்று. இன்று அதன் பரப்பு ஏறத்தாழ 403 சதுர கிலோமீட்டர். நம் கன்னியாகுமரி வனவிலங்குச் சரணாலயத்தின் பரப்பும் ஏறத்தாழ 402 சதுர கிலோமீட்டர் என்பதை நான் சொன்னபோது குழுவில் யாருமே அதுவரை அறிந்திருக்கவில்லை. கீரிப்பாறையிலிருந்து கோதையாறு வரை நாம் வீட்டு வாசலில் வைத்திருக்கும் காடும், உலகம் தேடிச் சென்று பார்க்கும் இந்த மலையும் ஏறக்குறைய ஒரே அளவு. நம் சரணாலயம் 2008-இல்தான் அறிவிக்கப்பட்டது.

அந்த மாலையில் அவர்கள் தொடாமல் விட்டது, பூங்காவின் பெரிய சர்ச்சையான பனிச்சறுக்குத் தளம். 2000-க்குப் பிறகு பன்ஸ்கோவுக்கு மேலே காட்டை வெட்டிச் சறுக்குப் பாதைகளும், ஆட்களை மேலே ஏற்றும் இழுவைக் கம்பிகளும் அமைத்தார்கள். 2010-இல் யுனெஸ்கோ மரபுப் பகுதியை விரிவாக்கியபோது, பன்ஸ்கோ, தோப்ரினிஷ்டே சறுக்குத் தளங்களை அதிலிருந்து விலக்கி இடைக்காப்பு மண்டலமாக வைத்தது. 2017 டிசம்பரில் அரசு மேலும் கட்டுமானங்களுக்கு வழிவிடும் முடிவை எடுத்ததும், 2018 தொடக்கத்தில் சோபியாவிலும் பிற நகரங்களிலும் மக்கள் தெருவில் இறங்கினார்கள். விஹ்ரென் விடுதிக்குப் போகும் வழியிலேயே அந்த வெட்டுத் தடங்கள் காட்டுக்கு நடுவே நேர்கோடுகளாகத் தெரிகின்றன. பயணிகள் அவற்றைக் கண்டு கேட்கும்போது, ஒருங்கிணைப்பாளர் பதில் சொல்லத் தயாராக இருக்க வேண்டும். குவாரிகளால் மலை குறைந்துவரும் ஒரு மாவட்டத்திலிருந்து செல்லும் நமக்கு, அந்த விவகாரம் தெரிய வேண்டியது அவசியம் என்று கருதுகிறேன்.

இனி வனவிலங்குகளுக்கு வருகிறேன். சேவையின் விளம்பரத் தாளில் ஓர் ஏரிக்கரையில் பழுப்புக் கரடி நிற்கும் படம் பெரிதாக அச்சாகியிருக்கிறது. பிரினில் கரடிகள் வாழ்கின்றன என்பது உண்மை, ஓநாய்களும் வாழ்கின்றன. ஆனால் அவை பெரும்பாலும் தாழ்வான அடர்ந்த காடுகளில் மனிதரைத் தவிர்த்தே திரிபவை. பகல் வெயிலில் நடைபாதை ஏரிக்கரையில் அவற்றைக் காண்பதை யாரும் உறுதியளிக்க முடியாது. கோதையாற்றுப் பக்கம் யானை வரும் என்று தெரிந்திருந்தும், போனவுடன் பார்த்துவிடலாம் என்று நம்மவர் யாரும் எண்ணுவதில்லை. அதே பொறுமை இங்கும் வேண்டும். எங்களுக்குக் கிடைத்தது, ஒரு பீச் மரக்காட்டுப் பாதையின் ஓரத்தில் வழிகாட்டி காட்டிய நகக்கீறல்கள்தான். அதுவே எனக்கு மனநிறைவாக இருந்தது. ஆனால் படத்தை நம்பிப் பிள்ளையை அழைத்து வந்திருந்த தக்கலைத் தம்பதியருக்கு அப்படி இல்லை. அந்தப் படத்தை அகற்றிவிட்டு, அதனிடத்தில் ஷாம்வா மலையாட்டின் படத்தைப் போடுவதே நேர்மையாக இருக்கும்.

ஏனெனில் பிரினின் உண்மையான அடையாள விலங்கு ஷாம்வாதான். பால்கன் பகுதிக்கு உரிய தனித் துணையினமாக அது வகைப்படுத்தப்பட்டுள்ளது. சிறிய உடல், நுனியில் பின்னோக்கி வளைந்த கொக்கிக் கொம்புகள், வெளிர் முகத்தில் கண்ணின் குறுக்கே ஓடும் கரும்பட்டை. நம் மலைகளின் வரையாட்டைப் போலவே அதுவும் செங்குத்தான பாறைகளை நம்பி வாழ்வது, எதிரி ஏற முடியாத விளிம்புகளில் புல் மேய்வது. இரண்டும் வெவ்வேறு கிளைகளில் வந்த விலங்குகள். ஒரே மாதிரியான பாறை வாழ்க்கை அவற்றுக்கு ஒரே மாதிரியான துணிவைக் கொடுத்திருக்கிறது என்பதுதான் வியப்பு. கசான் குழியிலிருந்து வழிகாட்டியின் தொலைநோக்கி வழியே விஹ்ரென் சுவரின் புல்விளிம்பு ஒன்றில் சிலவற்றைப் பார்த்தோம். ஆனால் அப்போது நண்பகல் நெருங்கிவிட்டது; அவை நிழலில் படுத்துவிட்டன, அசைந்தால்தான் தெரிந்தது.

இங்கேதான் திட்டத்தின் பெருங்குறை. காலை உணவு முடிந்து எட்டரை மணிக்கு மேல் பன்ஸ்கோவிலிருந்து வண்டி கிளம்புகிறது. மலைவிடுதியை அடைந்து நடக்கத் தொடங்கும்போது விலங்குகளின் நேரம் போய்விடுகிறது. விடியற்காலையில் கசான் குழியில் இருக்க வேண்டுமானால், ஓர் இரவாவது விஹ்ரென் விடுதியிலோ 1,810 மீட்டரில் உள்ள பாண்டெரிட்சா விடுதியிலோ தங்க வேண்டும். அங்கே அறைகளைப் பலரோடு பகிர வேண்டியிருக்கும், வசதி குறைவு என்பது உண்மைதான். ஆயினும் விலங்கு பார்க்க வருகிறவர்கள் அதைப் பொருட்படுத்தமாட்டார்கள். நான் இதை ஒருங்கிணைப்பாளரிடம் எடுத்துச் சொன்னபோது, "அடுத்த குழுவுக்கு ஒரு ராத்திரி மேல தங்குற மாதிரி போட்டுடலாம் டீச்சர்" என்று ஒப்புக்கொண்டார். பதிவு செய்வோர் அதை எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்வது நல்லது.

பறவைகளைப் பொறுத்தவரை எதிர்பார்த்ததைவிட அதிகமே கிடைத்தது. உச்சிகளைச் சுற்றி மஞ்சள் அலகு மலைக்காகங்கள் கூட்டமாக வட்டமிட்டன. பியாலா மூரா மரங்களில், புள்ளிகள் நிறைந்த பழுப்பு உடல் கொண்ட கொட்டையுடைப்பான் பறவை பைன் விதைகளைப் பிரித்தெடுத்துக்கொண்டிருந்தது. அது விதைகளைக் குளிர்காலத்துக்காக மண்ணில் ஒளித்து வைக்கும், எடுக்காமல் விட்டவை முளைக்கும். மூவிரல் மரங்கொத்தி, காப்பர்கெய்லி என்னும் பெரிய காட்டுக்கோழி, வட காடுகளின் சிறு ஆந்தையான டெங்மால்ம் ஆந்தை ஆகியவையும் இந்தக் காடுகளில் வாழ்கின்றன. அவற்றைப் பார்க்க வேறு நேரமும் வேறு பாதையும் வேண்டும். பளிங்குச் சுவர்களில் ஊர்ந்து பூச்சி தேடும், சிறகு விரிக்கும்போது மட்டும் குங்கும நிறம் காட்டும் சிறிய சாம்பல் பறவை ஒன்றையும் வழிகாட்டி தேடித் தந்தார். ஆங்கிலத்தில் வால்கிரீப்பர் என்று அழைக்கப்படும் அதைக் காண ஐரோப்பியப் பறவை நோக்கர்கள் பல மலைகள் ஏறுகிறார்கள்.

பூக்களுக்கு அவர் கொடுத்த மதிப்பையும் சொல்ல வேண்டும். பூங்காவில் சுமார் 1,300 வகைக் கலன்தாவரங்கள் (நீரைக் கடத்தும் குழாய்கள் கொண்ட தாவரங்கள்) உள்ளன. பிரினைத் தவிர உலகில் வேறெங்கும் இல்லாத மஞ்சள் நிறப் பிரின் பாப்பி அவற்றுள் ஒன்று. அது உயரத்தில் பளிங்குச் சரளையில் வளர்கிறது. எடல்வைஸ் பூவும் பளிங்கையே விரும்புகிறது. குழுவில் ஒருவர் அதைப் பறிக்கக் குனிந்தபோது, வழிகாட்டி கோபப்படாமல், ஆனால் உறுதியாகக் கையைத் தடுத்து, அது சட்டத்தால் காக்கப்படும் பூ என்றார். அதன் பிறகு எவரும் ஓர் இலையைக்கூடக் கிள்ளவில்லை.

பாதுகாப்பில் இந்தச் சேவைக்கு முழு மதிப்பெண் தருகிறேன். விஹ்ரென் உச்சிக்கு விடுதியிலிருந்து ஏறத்தாழ 960 மீட்டர் ஏற வேண்டும். கபாத்தா கணவாய் வழியே சுமார் மூன்று மணி நேரமாகும். ஏற விரும்பியவர்களை மட்டும் அழைத்துச் சென்றார்கள். அவர்களில் சிலர் அப்பாலுள்ள கொஞ்சேட்டோ முகட்டையும் பார்க்க ஆசைப்பட்டார்கள். பாடப்புத்தகத்தில் அரெட்டு என்று நாம் சொல்லும் கத்திமுனை முகட்டுக்கு அதைவிடத் தூய எடுத்துக்காட்டு இருக்க முடியாது. இரு பக்கமும் பனியாறுகள் அரித்ததில், சில இடங்களில் அரை மீட்டர் அகலமே எஞ்சிய பளிங்கு விளிம்பு, பிடித்து நடக்க இரும்புக் கம்பி. காற்று கூடி மேகம் இறங்கத் தொடங்கியதும் வழிகாட்டி திரும்பிவிடச் சொன்னார். பணம் கட்டியாயிற்று என்று வாதிட்டவரிடமும் அவர் விட்டுக்கொடுக்கவில்லை. கோடைப் பிற்பகல்களில் அங்கே திடீரென மின்னலுடன் மழை பிடிக்கும். இரும்புக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கும் இடம் அதற்கு ஏற்றதன்று. அவர் செய்ததே சரி. பல்கேரியச் செஞ்சிலுவைச் சங்கத்தின் மலை மீட்புப் பணி 1933 முதல் இயங்கி வருகிறது. மீட்புச் செலவுக்கான காப்பீட்டைச் சேவையினரே கட்டணத்துக்குள் எடுத்திருந்தார்கள். பாதைகளில் இரண்டு வெள்ளைப் பட்டைகளுக்கு நடுவே சிவப்பு, நீலம், பச்சை, மஞ்சள் என ஒரு நிறப்பட்டை தீட்டிக் கற்களிலும் மரங்களிலும் அடையாளம் வைத்திருக்கிறார்கள். நிறத்தைத் தவறவிடாமல் நடந்தால் வழி தவறாது.

தங்குமிடமும் உணவும் பற்றிச் சுருக்கமாகச் சொன்னால் போதும். பன்ஸ்கோவில் தங்கிய வீடு தூய்மையாக இருந்தது. பீன்ஸ் சூப்பும், வெள்ளரி அரைத்துப் போட்ட குளிர்ந்த தயிர்ச் சூப்பும், வெண்பாலாடைக்கட்டி தூவிய தக்காளிச் சாலடும் நம் நாக்குக்கு ஒத்துவருகின்றன. மண்சட்டியில் புளித்த முட்டைக்கோசும் இறைச்சியும் அடுக்கி வேகவைக்கும் கபமா, காரம் இல்லாவிட்டாலும் நன்றாகவே இருந்தது. ஊறுகாய் கொண்டுபோனவர்கள் மகிழ்ந்தார்கள்.

நாட்களைப் பங்கிட்டதில் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. கடைசியில் சோபியாவில் கடைவீதிக்காக ஒரு முழு நாள் வைத்திருந்தார்கள். அதை எடுத்துவிட்டுப் பிரினின் தென்மேற்கு அடிவாரத்தில் உள்ள மெல்னிக்குக்குக் கூட்டிச் செல்லலாம். அங்கே மழையும் ஓடைகளும் இறுகாத மணற்பாறையை அரித்து, கோபுரங்களும் கூர்நுனிகளுமாக நிறுத்தியிருக்கின்றன. அவை நூறு மீட்டர் வரை எழுகின்றன. கிரானைட், பளிங்கு, மணற்பாறை என மூன்று பாறைகளை நீரும் பனியும் எப்படி மூன்று விதமாகச் செதுக்கின என்பதை ஒரே பயணத்தில் காணும் வாய்ப்பு அது. பல்கேரியாவின் மிகச் சிறிய நகரம் மெல்னிக் என்பது கூடுதல் சுவை. கடைவீதி எந்த ஊரிலும் கிடைக்கும்.

இன்னொரு பரிந்துரையும் செய்கிறேன். சோபியாவிலிருந்து பன்ஸ்கோவுக்கு வண்டியில் போவதே இவர்களின் வழக்கம். கூடுதல் கட்டணமின்றி, திரும்பும்போது குறுகிய இருப்புப்பாதையைத் தேர்ந்தெடுக்கவும் விடுகிறார்கள். செப்தெம்வ்ரியிலிருந்து தோப்ரினிஷ்டே வரை 125 கிலோமீட்டர் ஓடும் 760 மில்லிமீட்டர் தண்டவாளம் அது. வழியில் 1,267 மீட்டரில் உள்ள அவ்ராமோவோ, பால்கன் பகுதியின் மிக உயரமான ரயில் நிலையம். ஏறத்தாழ ஐந்து மணி நேரமாகும். அவசரமில்லாதவர்கள் அதையே எடுக்கட்டும். ரஸ்லொக் வெளியை ரயில் கடக்கும்போது பிரினின் வடக்கு முகம் முழுவதும், வெள்ளைப் பகுதி எங்கே முடிகிறது, சாம்பல் பகுதி எங்கே தொடங்குகிறது என்பது வரை, சன்னலில் தெரிகிறது.

செல்ல நினைப்போருக்குச் சில நடைமுறைக் குறிப்புகள். திருவனந்தபுரத்திலிருந்து வளைகுடா நகரம் ஒன்றில் மாறிச் சோபியாவை அடையலாம். 2025 ஜனவரி முதல் பல்கேரியா முழுமையாக ஷெங்கன் பகுதியில் இருப்பதால் ஷெங்கன் விசா வேண்டும். 2026 ஜனவரி முதல் அங்கே யூரோதான் செலாவணி. ஜூன் வரை உயரமான பாதைகளில் பனி கிடக்கலாம். நமக்குத் தென்மேற்குப் பருவமழை பெய்துகொண்டிருக்கும் ஜூலை, ஆகஸ்ட்டும், அதையடுத்த செப்டம்பரும் ஏற்ற மாதங்கள். புறப்படுவதற்குச் சில வாரங்கள் முன்பிருந்தே மருந்துவாழ் மலையில் வாரந்தோறும் ஏறி இறங்கிப் பழகியவர்கள் அங்கே எளிதாக நடந்தார்கள். பழகாதவர்கள் முதல் நாளே முழங்கால் வலியில் அவதிப்பட்டார்கள். கணுக்காலை மூடும் காலணி கட்டாயம், ஏனெனில் பளிங்குச் சரளை காலடியில் நழுவுகிறது.

நடக்க இயலாத பெரியவர்களை அழைத்துச் செல்ல விரும்புவோர், பெஸ்போக் ஏரிக்குச் செல்லும் நாளைச் சேர்த்துப் பதிவு செய்யலாம். தோப்ரினிஷ்டேக்கு மேலே 1,412 மீட்டரில் உள்ள கோத்ஸே தெல்ச்செவ் விடுதியிலிருந்து நாற்காலி இழுவைக் கம்பி, 2,236 மீட்டரில் ஏரிக்கரையில் இருக்கும் பெஸ்போக் விடுதி வரை கொண்டுபோய் விடுகிறது. பிரினின் மிகப் பெரிய ஏரியான போப்போவோ, அங்கிருந்து நடப்பவர்களுக்கு இன்னும் ஒன்றரை மணி நேரத் தொலைவில் இருக்கிறது. ஏறத்தாழ 29 மீட்டர் ஆழமுள்ள அந்தக் கிரானைட் ஏரியில் ஒரு சிறு தீவும் உண்டு. எங்கள் குழுவில் இருந்த மூத்த அம்மா ஒருவர் விடுதியின் முன் பெஸ்போக் ஏரிக்கரையிலேயே அமர்ந்துகொண்டார், மற்றவர்கள் போப்போவோ வரை சென்று வந்தோம். காற்று பலமாக இருந்தால் இழுவைக் கம்பி நின்றுவிடும் என்பதால், அந்த நாளுக்கு மாற்று நாள் ஒன்றைத் திட்டத்தில் வைத்திருக்கிறார்களா என்று முன்பணம் கட்டும்போதே கேட்டுக்கொள்ளுங்கள்.